இன்றைக்கு என்ன கிழமை?

கோரையூர் ராஜா பூபாலவர்மருக்கு ஒரு கெட்ட பழக்கம். எதற்கெடுத்தாலும் போட்டி வைத்துவிடுவார்.

அந்த வருஷத்து அடைமழையில், ஊரில் சின்னப் பிள்ளைகள் சாமி பாடம் படிக்கும் மூன்று கொட்டகைகளும் விழுந்துவிட்டன. தேவாரம் சொல்லித்தரும் ஓதுவார், குர்ஆன் ஓதித்தரும் லெப்பை, ஜெபம் கற்றுத்தரும் உபதேசியார் மூவரும் ராஜாவிடம் வந்தார்கள். காலியாக இருந்த ஒரே மண்டபத்தை மூவருமே கேட்டார்கள்.

"யாருடைய பிள்ளைகள் பிசகாமல் ஒப்பிக்கிறார்களோ, மண்டபம் அவருக்கு. மற்ற இருவரும் பள்ளியை மூடிவிட வேண்டியதுதான். தீர்ப்பு நம் மருதப்பருடையது!" என்றார் ராஜா.

அரசவை விகடகவி மருதப்பருக்குத் தூக்கிவாரிப்போட்டது. மூவரும் அவருக்கு வேண்டியவர்கள். யார் வாயில் மண் போடுவது? அன்று மாலையே பிள்ளைகளிடம் போய்ப் பேச்சுக் கொடுத்தார். சிரித்துக்கொண்டே வீடு திரும்பினார்.

போட்டி நாளன்று சபை முழுக்க வாண்டுகள்.

"பிள்ளைகளா, அவரவர் வாத்தியார் பின்னால் போய் நில்லுங்கள்!" என்றார் மருதப்பர்.

ஒருவரும் அசையவில்லை. லெப்பையின் பேத்தி ஆமினா, முன்பல் விழுந்த வாயோடு கேட்டாள்: "ஐயா, இன்னைக்கு என்ன கிழமை?"

"திங்கள், தாயி."

அவ்வளவுதான். ஆமினா உட்பட மொத்தக் கூட்டமும் ஓதுவார் பின்னால் ஓடியது.

"என்னய்யா இது கூத்து?" என்றார் ராஜா.

"திங்கட்கிழமை ஓதுவார் வீட்டுச் சுண்டல், மகாராஜா. வெள்ளிக்கிழமை ஓதி முடித்ததும் லெப்பை கையால் நார்சா என்று ஒரு பிடி சர்க்கரை. ஞாயிற்றுக்கிழமை உபதேசியாரின் வெல்லக் கொழுக்கட்டை. மூன்று பள்ளிக்கும் பிள்ளைகள் இவர்களேதான். மூன்று பாடமும் தலைகீழ்ப் பாடம்!"

வாத்தியார்கள் மூவரும் அசடு வழிந்தார்கள். "எங்களுக்குத் தெரியும் மகாராஜா. தேடி வர்ற பிள்ளையைப் போகச் சொல்ல மனசு வரலை," என்றார் உபதேசியார்.

ராஜா விடவில்லை. "போட்டி போட்டிதான். தீர்ப்பைச் சொல்லும்!"

"எந்த இரண்டை மூடச் சொன்னாலும் மூடிவிடலாம், மகாராஜா. அதோ, அந்தப் பிள்ளையிடம் மட்டும் தாங்களே சொல்லிவிடுங்கள்."

மருதப்பர் காட்டிய இடத்தில், வரிசையின் முதல் ஆளாக, சுண்டலுக்குக் கையேந்தியபடி ராஜாவை முறைத்துக்கொண்டு நின்றாள் அவருடைய ஐந்து வயது மகள், இளவரசி.

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தார். மண்டபம் திங்கள் ஓதுவாருக்கு, வெள்ளி லெப்பைக்கு, ஞாயிறு உபதேசியாருக்கு என்றாயிற்று. "மருதப்பரே, உமக்கு என்ன வேண்டும்?"

மருதப்பர் வாய் திறப்பதற்குள் இளவரசி கேட்டாள்: "அப்பா, சனிக்கிழமை யாரு தருவா?"