காலித் தீவில் விறகு

குரு என்றால் தாடி இருக்க வேண்டும் என்று யார் சொன்னது? இந்தக் கதையில் வருகிற குருவுக்கு வயது இருபத்தெட்டு. பெயர் பிரம்மசக்தி. தூத்துக்குடியில் கிரேன் ஓட்டுகிறவள். சீடனோ ஐம்பதைத் தாண்டியவர். காதோரம் நரை, கோயம்புத்தூர் கணபதியில் சொந்தமாக லேத் பட்டறை, பெயர் சென்னியப்பன். இருவரும் நேரில் பார்த்துக்கொண்டதே கிடையாது.

அவர்கள் பழகியதெல்லாம் 'கடைசிக் கரை' என்ற கம்ப்யூட்டர் விளையாட்டில். அதில் நுழைகிற எல்லோரும் கையில் ஒரு கல்லோடு ஏதோ ஒரு கடற்கரையில் கண் விழிப்பார்கள். பசிக்கும், குளிரும், ஓநாய் வரும். மரம் வெட்டி, குடிசை போட்டு, உயிரைக் காப்பாற்றிக்கொள்ள வேண்டும். உலகம் முழுக்க அதற்கு ஆயிரக்கணக்கில் சர்வர்கள். ஒவ்வொரு சர்வரும் ஒரு தனித் தீவு. இந்தத் தீவில் கட்டிய வீடு அந்தத் தீவில் இருக்காது.

பிரம்மசக்தி தன் தீவின் கரையிலேயே ஒரு குடிசை போட்டு உட்கார்ந்திருப்பாள். புதிதாகக் கண் விழிக்கிறவர்களுக்குச் சுட்ட மீன் கொடுப்பாள், கேட்டால் வழி சொல்வாள். குரு என்று முதலில் கேலிக்குத்தான் கூப்பிட்டார்கள். அப்புறம் அதுவே நிலைத்துவிட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சென்னியப்பன் அந்தக் குடிசையில் வந்து உட்கார்ந்தார். மீனைக் கையில் வாங்கினார், பாதிகூடத் தின்னவில்லை.

"குருவே, ஒரு தீவைத் தேடித் தேடிச் சலிச்சுப் போயிட்டேனுங்க."

"எந்தத் தீவு, அண்ணாச்சி?"

"பேரு மறந்துபோச்சுங்க."

"வெளங்கும்," என்றாள் குரு. "சரி, அங்ஙன என்ன இருக்கு?"

"ஒரு மனுசன் இருக்காருங்க அம்மணி. அவருக்கு ஒரு நன்றி சொல்லோணும்."

குரு அடுப்பில் ஒரு சுள்ளியைப் போட்டாள். சென்னியப்பன் சொல்ல ஆரம்பித்தார்.

போன வருசம் பைக்கிலிருந்து விழுந்து கால் எலும்பு உடைந்து மாதக்கணக்கில் கட்டிலில் கிடந்திருக்கிறார் மனிதர். காலையில் பட்டறைக்குப் போனால் இருட்டித்தான் வீட்டுக்கு வருகிற ஆளுக்கு, மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு மல்லாந்து கிடப்பது சாதாரணமா? சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டார். பார்க்க வந்தவர்களிடம் எரிந்து விழுந்தார். இப்படியே போய்ச் சேர்ந்துவிட்டால் தேவலை என்றுகூட நினைத்தார். பொறுக்க மாட்டாமல் மகள்தான் தன் லேப்டாப்பைக் கொண்டுவந்து இந்த விளையாட்டைத் திறந்து கொடுத்தாள்.

அங்கேயும் ஓநாய்கள் அவரைக் குதறி எடுத்தன. செத்துச் செத்துக் கண் விழித்தார். அப்போதுதான் அந்த ஆள் வந்தார். தலைக்கு மேலே 'பனங்கிழங்கு' என்று பெயர். நார்வேயில் இருக்கிற யாழ்ப்பாணத்துக்காரர். சொந்தப் பெயரைக் கேட்டால், "பேர் என்னத்துக்கு அண்ணை?" என்று சிரிப்பார்.

பாறை மறைவில் சென்னியப்பனுக்கு ஒரு குடிசை கட்டிக் கொடுத்தார். பக்கத்திலேயே தனக்கும் ஒன்று போட்டுக்கொண்டார். தினமும் வந்ததும் மைக்கில் முதல் கேள்வி, "கால் எப்பிடி இருக்கு அண்ணை? சாப்பிட்டனீங்களோ?" இல்லை என்றால் விடமாட்டார். "முதல்ல போய்ச் சாப்பிட்டிட்டு வாங்கோ. ஓநாயை நான் பாத்துக்கொள்ளுறன்."

சென்னியப்பனும் போய்ச் சாப்பிடுவார். வீட்டார் கெஞ்சி நடக்காதது அந்த முகம் தெரியாத ஆள் சொல்லி நடந்தது.

ஒரு விசயம் மட்டும் பனங்கிழங்கு திரும்பத் திரும்பச் சொல்வார். "பெட்டிக்குள்ள எப்பவும் விறகு இருக்கோணும் அண்ணை. இல்லாட்டி வீடு உக்கிப் போயிடும்." அந்த விளையாட்டின் சட்டம் அது. ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு விறகுப் பெட்டி. நாளாக ஆக விறகு குறையும். பெட்டி காலியானால் ஒரு வாரத்தில் கூரை போகும், அப்புறம் சுவர் போகும்.

மாவுக்கட்டைப் பிரித்தார்கள். மறுநாளே சென்னியப்பன் பட்டறைக்கு ஓடிவிட்டார். வேலை தலைக்கு மேலே கிடந்தது. போய்விட்டு வருகிறேன் என்று ஒரு வார்த்தை சொல்லத் தோன்றவில்லை. மகள் லேப்டாப்பில் இருந்ததை எல்லாம் அழித்துவிட்டு அதைப் பெங்களூருக்குத் தூக்கிக்கொண்டு போனாள். ஒரு வருசம் ஓடிப்போனது.

போன மாசம் பட்டறையில் வேலை செய்கிற ரங்கராசு கையை ஒடித்துக்கொண்டான். பார்க்கப் போனார். அவன் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தான்.

"அப்பத்தானுங்க எனக்குச் சுருக்குன்னுச்சு," என்றார் சென்னியப்பன். "ஒரு வார்த்தை சொல்லாம வந்துபோட்டேன் அம்மணி. அந்த மனுசன் இல்லீன்னா நான் அப்பவே முடிஞ்சிருப்பேன். அதை அவருகிட்டச் சொல்லோணும். வேறொண்ணும் வேண்டாமுங்க."

குரு அடுப்பைக் கிளறிவிட்டாள்.

"எப்படித் தேடுனிய?"

"ஃபில்டர் போட்டுத்தானுங்க. புதுசா கம்ப்யூட்டர் வாங்கி, ஒரு வீடியோ பாத்து அதுல சொன்ன மாதிரியே பண்ணுனேன். ஆளில்லாத சர்வரை மறை, தூரமா இருக்கறதை மறை, மெதுவா ஓடறதை மறை. எல்லாத்துக்கும் டிக் போட்டுட்டேன்."

"போட்டுட்டு?"

"நல்ல நல்ல தீவாத்தான் வருதுங்க. அந்தத் தீவைத்தான் காணோம். எடுத்துப்போட்டாங்க போல. அவ்வளவுதான், போச்சு."

குரு கேட்டாள்: "இப்ப இங்ஙன எத்தன பேரு இருக்கோம்?"

"நாம ரெண்டு பேருதானுங்க."

"உங்க போன் நம்பரைச் சொல்லுங்க."

சொன்னார். போன் அடித்தது. எடுத்தால் அதே குரல்.

"ரெண்டு பேரும் விளையாட்ட விட்டு வெளிய வருவோம். ம், வந்துட்டியளா? இப்ப லிஸ்ட்டைத் திறந்து நம்ம தீவு எங்க இருக்குன்னு சொல்லுங்க."

இதென்ன பெரிய வேலை என்று சென்னியப்பன் தேடினார். மேலே போனார், கீழே வந்தார். பெயரை அடித்துப் பார்த்தார்.

"காணோமுங்க அம்மணி!"

"நல்லாப் பாருங்க."

"சத்தியமா இல்லீங்க. அட சாமி, இப்பத்தானுங்களே அங்க உக்காந்து மீன் தின்னோம்?"

"அடுப்பு?"

"எரிஞ்சுட்டு இருந்துச்சுங்க."

"பாதி மீனை வேற மிச்சம் வச்சிட்டு வந்திய."

"ஆமாங்க."

"எங்க போச்சு?"

சென்னியப்பனின் மவுஸ் மெல்ல நகர்ந்து, ஆளில்லாத சர்வரை மறை என்ற இடத்தில் போய் நின்றது. அந்த டிக்கை எடுத்தார். கரையும் குடிசையும் அடுப்பும் இருக்கிற தீவின் பெயர் பழையபடி வந்து உட்கார்ந்தது. பக்கத்தில் பூஜ்யம் என்று போட்டிருந்தது.

"இங்கியேதான் இருக்குதுங்க," என்றார் சின்னக் குரலில்.

அதற்கப்புறம் அவருக்குப் பொறுக்குமா? இருக்கிற டிக்கை எல்லாம் கழற்றி எறிந்தார். லிஸ்ட் எங்கோ முடிவில்லாமல் ஓடியது.

"அய்யோ, ஆயிரக்கணக்குல வருதுங்க. இதுல எங்கீன்னு தேடறது?"

"எல்லாத்தையும் கழட்டிட்டியளாக்கும்?"

"கழட்டிப்போட்டேனுங்க."

"இவ்வளவு நாளா வேண்டாததையே சொல்லிட்டு இருந்திய, அண்ணாச்சி. இப்ப வேணுங்கிறதைச் சொல்லுங்க. அந்தத் தீவு எப்படி இருக்கும்?"

சென்னியப்பன் கண்ணை மூடினார்.

"பனிங்க. எப்பவும் பனி. அவரு சொல்லுவாரு, 'இஞ்சையும் பனி, அங்கையும் பனி, எங்க போனாலும் எனக்கு விடிவில்லை'ன்னு."

"பனின்னு போடுங்க. அப்புறம்?"

"ஆளை ஆளு அடிக்க முடியாதுங்க."

"சண்டை கிடையாதுன்னு ஒண்ணு இருக்கும், அதுக்குப் போடுங்க."

"சின்னத் தீவு. இருபது பேருக்கு மேல உள்ள விடாது."

"போடுங்க. அவரு எந்த ஊருல இருந்து வருவாரு?"

"நார்வே... அடடா! நான் ஆசியாவுலயே தேடிட்டு இருந்திருக்கறேனே!"

"ஐரோப்பா," என்றாள் குரு.

லிஸ்ட் சுருங்கிச் சுருங்கி நாலைந்து பெயரில் வந்து நின்றது. ஒன்றில் சென்னியப்பன் கண் ஒட்டிக்கொண்டது. கருங்கல் முனை.

"இதுதானுங்க! அம்மணி, இதேதான்!" என்று கத்தினார். அடுத்த நொடி குரல் இறங்கிவிட்டது. "பூஜ்யம்னு போட்டிருக்குதுங்களே. யாருமில்லீங்க. ஆளில்லாத தீவுக்குப் போயி என்ன பண்றது?"

"போங்க. நீங்க போயிட்டா யாருமில்லைன்னு சொல்ல முடியாதுல்லா."

சென்னியப்பன் போனார். பின்னாலேயே குருவும் நுழைந்தாள்.

பனி கொட்டிக்கொண்டிருந்தது. வழி மறக்கவில்லை அவருக்கு. கரையிலிருந்து ஏறி, சாய்ந்த மரத்தைத் தாண்டினால் பாறை.

"ஒரு வருசம் ஆச்சுங்க. வீடெல்லாம் எப்பவோ உக்கியிருக்கும். அந்தப் பாறையை மட்டும் ஒரு தடவை பாத்துட்டு வந்தர்றேன்."

பாறையைச் சுற்றித் திரும்பினார். திரும்பியவர் அப்படியே நின்றுவிட்டார்.

அவருடைய குடிசை நின்றுகொண்டிருந்தது. கூரை இருந்தது, சுவர் இருந்தது, கதவுக்கு மேலே 'சென்னி அண்ணை வீடு' என்று பனங்கிழங்கு எழுதி மாட்டிய பலகை இருந்தது. பக்கத்தில் பனங்கிழங்கின் வீடு இருந்த இடத்தில் நாலு மூலைக்கல் மட்டும் பனிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தது.

கதவின் எண் பூட்டில் பழைய எண்ணை அழுத்தினார். திறந்தது. அந்த எண் தெரிந்த இன்னொருவர் பனங்கிழங்குதான். உள்ளே போய் விறகுப் பெட்டியைத் திறந்தார்.

"அம்மணி, விறகு இருக்குதுங்க."

"ம்."

"கழுத்து வரைக்கும் இருக்குது. நான் போடலீங்க."

"தெரியும்."

"இந்தப் பனியில மரமே கம்மிங்க. ஒத்தை ஆளா மணிக்கணக்குல வெட்டுனாத்தான் ஒரு பெட்டி நிறையும். அவருக்கும் வேலை வெட்டி இருக்கும். ஒரு வீட்டுக்குத்தான்..."

வெளியே வந்து அந்த நாலு கல்லைப் பார்த்தார்.

"தன் வீட்டை விட்டுப்போட்டு என் வீட்டுக்குப் போட்டிருக்காருங்க அம்மணி. ஒரு வருசமா! நான் வருவனா மாட்டனான்னு கூடத் தெரியாம!"

கணபதியில் தன் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்து சென்னியப்பன் வாய்விட்டு அழுதார். சமையலறையிலிருந்து அவர் மனைவி ருக்மணி கரண்டியோடு ஓடிவந்தாள்.

"ஏனுங்க, என்னாச்சு?"

"ஒண்ணுமில்ல சாமி. நல்ல சேதிதான், போ," என்று கையை ஆட்டினார். அவள் நம்பாமல் கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டுப் போனாள்.

கண்ணைத் துடைத்துக்கொண்டு சென்னியப்பன் சொன்னார்: "நான் இங்கியே உக்காந்துக்கறேனுங்க. அவரு வந்ததும் காலைப் புடிச்சு நன்றி சொல்லிப்போட்டுத்தான் எந்திரிப்பேன்."

"எம்புட்டு நேரம் உக்காருவிய?"

"வர்ற வரைக்கும்."

"நாளைக்குப் பட்டறை?"

சென்னியப்பன் கேட்டார்: "அப்ப எப்படித்தானுங்க அவருக்கு நன்றி சொல்றது?"

குரு தன் கையிலிருந்த கல்லை ஒரு கழியில் கட்டிக் கோடாலி செய்து அவர் காலடியில் போட்டாள். போய்ப் பாறையில் சாய்ந்து நின்றாள்.

அவர் கோடாலியைப் பார்த்தார். மூலைக்கல்லைப் பார்த்தார். குனிந்து எடுத்தார்.

ராத்திரி வெகுநேரம் வரைக்கும் வெட்டினார். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்த குருவும் இன்னொரு கோடாலி செய்துகொண்டு வந்து சேர்ந்துகொண்டாள். ருக்மணி கொண்டுவந்து வைத்த காபி ஆறி ஆடை கட்டியது. நாலு கல்லின் மேல் சுவர் ஏறியது, கூரை ஏறியது, கதவு வந்தது. கதவுக்கு மேலே ஒரு பலகையில் 'பனங்கிழங்கு தம்பி வீடு' என்று எழுதி மாட்டினார். கடைசியில் விறகுப் பெட்டியை வைத்து, அது வழிகிற அளவுக்கு நிரப்பினார். எத்தனையோ நாளைக்கப்புறம் அவருக்கு நன்றாகப் பசித்தது.

கிளம்புகிற நேரத்தில் திரும்பி நின்றார்.

"குருவே, ஒரே ஒரு சந்தேகமுங்க."

"கேளுங்க."

"அவரு வர்றப்ப நான் இங்க இல்லீன்னா?"

குரு புது வீட்டின் கதவை மெல்லச் சாத்தினாள்.

"அவரு வந்தப்பல்லாம் நீங்க இங்ஙன இல்ல, அண்ணாச்சி," என்றாள். "வீடு இருந்துச்சுல்லா."