தோற்றவருக்குத்தான் பெண்

முன்னொரு காலத்திலே மொழிமங்கலம் என்றொரு நாடு. அதைக் கண்டராதிபன் என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். ஆண்டது பாதி நேரம், கோபித்துக்கொண்டது மீதி நேரம்.

அந்த நாட்டு அரசவையில் ஒரு வெண்கலப் பீடம் இருந்தது. அதில் உட்கார்ந்து எதை 'நடந்தது' என்று சொன்னாலும் அது நடந்ததாகவே ஆகிவிடும். அவையில் இருந்து கேட்டவர்களுக்கு மட்டும் பழசு நினைவிருக்கும். மற்றவர்களுக்குப் புதுக்கதைதான் உண்மை. பீடத்தில் ஏறும் உரிமை ஆஸ்தானப் புலவர் நாவலங்காரருக்கு. ராஜாவின் குட்டைப் பாட்டனாரை ஒருமுறை நெட்டையாக்கினார். அரண்மனை ஓவியங்களில் எல்லாம் பாட்டனாரின் தலை சட்டத்துக்கு வெளியே போய்விட்டது.

மந்திரி திருவுடையாளைக் கண்டால் புலவருக்கு வயிற்றெரிச்சல். ராஜா எதற்கெடுத்தாலும் அந்த அம்மாளைத்தானே கேட்கிறார்.

ஒருநாள் அயல்நாட்டுத் தூதன் ஒருவன், ராஜா வடகரைப் போரில் தோற்று ஓடியதைச் சொல்லிச் சபையிலேயே சிரித்துவிட்டான். கதை உண்மைதான். தலைப்பாகை அவிழ அவிழ ஓடினார் ராஜா. கோட்டைமேல் நின்று பார்த்துச் சிரித்த வடகரை இளவரசி பூங்கோதை, "அப்பா, இத்தனை வேகமாக வீட்டுக்கு ஓடுகிறவர் நல்ல குடும்பஸ்தராகத்தான் இருப்பார். எனக்கு இவரையே பேசுங்கள்" என்றாள். அவள்தான் இப்போது ராணி.

தூதன் போனதும் புலவர் குழைந்தார். "பிரபு, ஒரு வரி போதும்."

"அடிச்சுவரில் செங்கல்லை உருவுகிறீர்கள், மகாராஜா. மேலே என்ன இருக்கிறது என்று பார்த்துவிட்டு உருவுங்கள்" என்றாள் திருவுடையாள்.

"நான் வெல்வது உனக்குப் பிடிக்கவில்லை" என்றார் ராஜா.

புலவர் பீடத்தில் ஏறினார். "வடகரைப் போரில் எங்கள் மன்னர் வென்றார்."

வெளியே வெற்றி முரசு கொட்டியது. ராஜா மீசையை முறுக்கிக்கொண்டே பக்கத்தில் திரும்பினார். ராணியின் ஆசனத்தைக் காணோம். வாசல் காவலனைக் கூப்பிட்டு, ராணி எங்கே என்று கேட்டார்கள். "மகாராஜாவுக்குத்தான் கல்யாணமே ஆகவில்லையே" என்றான் அவன்.

திருவுடையாள் ஆசனம் இருந்த இடத்தையே பார்த்தாள். அந்த அரண்மனையில் அவளோடு மனம்விட்டுப் பேசிய ஒரே ஆள் பூங்கோதைதான்.

புலவர் அவசரமாக ஒட்டுப்போட்டார். "பூங்கோதை மன்னரை மணந்தாள்." ராணி வந்தாள், இடுப்பில் கத்தியோடு. தோற்றுப்போன அப்பனுக்காக ராஜாவை முறைத்தபடி நின்றாள். "மன்னரை அளவின்றி நேசித்தாள்" என்று இன்னொரு ஒட்டு. உடனே ராஜாவின் கையைக் கட்டிக்கொண்டாள். ராஜா தும்மினார். "சுவாமி தும்முவதிலும் என்ன கம்பீரம்" என்று கண்ணீர் விட்டாள்.

அவளை அந்தப்புரத்துக்கு அனுப்பிவிட்டு ராஜா தலையில் கைவைத்துக்கொண்டார். "இவள் அவளில்லை. என் பூங்கோதையாக இருந்தால் தள்ளிப்போய்த் தும்மச் சொல்லியிருப்பாள்." பிறகு மந்திரியைப் பார்த்தார். "நீதான் அவளைக் கொண்டுவர வேண்டும். முடியாவிட்டால், நீ பிறக்கவே இல்லை என்று புலவர் சொல்லிவிடுவார். ஆனால் ஒன்று. நான் தோற்றேன் என்று சொல்கிற நாக்கு அறுபடும்."

புலவர் அப்போதே தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

 சொல்லவேண்டிய வரி திருவுடையாளுக்குத் தெரியும். சொல்லத்தான் நாக்கு வேண்டும். தன் நாக்கைக் கொடுப்பானேன், ராஜாவுக்கும் ஒன்று இருக்கிறதே என்று நினைத்தாள்.

"மகாராஜா, வடகரையார் பெண் கொடுத்தது தோற்றவருக்கு. நீங்களோ வென்றுவிட்டீர்கள். ஆகவே வேறு யாராவது தோற்றுக்கொள்ளட்டும். அவர் பூங்கோதையைக் கட்டிக்கொண்டு பக்கத்துத் தெருவில் குடியிருப்பார். போகும்போது வரும்போது நீங்கள் பார்த்துக்கொள்ளலாம்."



பிறகு புலவர் பக்கம் திரும்பினாள். "புலவரே, நீங்கள் நன்றாக ஓடுவீர்கள் என்று கேள்வி" என்றாள்.

புலவர் பூங்கோதையின் முகத்தை நினைத்தார். வடகரையாருக்கு மாப்பிள்ளை என்ற பெருமையையும் நினைத்தார். "நாட்டுக்காக என்றால் தோற்கத் தயார்" என்று அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டு பீடத்தில் அமர்ந்தார். "வடகரைப் போரில் தோற்று ஓடியவன்..."

முடிப்பதற்குள் ராஜா பாய்ந்து அவர் குடுமியைப் பிடித்தார். "இறங்கும் ஐயா. இந்தத் தொப்பையை வைத்துக்கொண்டு நீர் எங்கே ஓடினீர்?" அவரைத் தள்ளிவிட்டுத் தானே பீடத்தில் உட்கார்ந்தார். "தோற்றவன் நான். ஓடியவன் நான். முட்புதரில் விழுந்து, எழுந்து, மறுபடி ஓடியவன் நான். பூங்கோதை பார்த்துச் சிரித்தது என்னை."

முரசு நின்றது. உள்ளேயிருந்து ஒரு குரல் வந்தது. "யாரைப் போட்டு இப்படி அதட்டுகிறீர்கள்? சமையல்கட்டு வரைக்கும் கேட்கிறது." பின்னாலேயே பூங்கோதை வந்து தன் ஆசனத்தில் உட்கார்ந்தாள். ராஜாவுக்குக் கண் கலங்கிவிட்டது. திருவுடையாள் முகத்தைத் திருப்பிக்கொண்டு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"என் வாயாலேயே சொல்ல வைத்துவிட்டாய்" என்றார் ராஜா.

"சொன்ன நாக்கை அறுக்கவேண்டும் என்று உத்தரவு, மகாராஜா. யாரைக் கூப்பிடட்டும்?"

ராஜா விழுந்து விழுந்து சிரித்தார். தன் முத்துமாலையைக் கழற்றி அவளுக்குக் கொடுத்தார். இனி மந்திரி சம்மதமில்லாமல் எவரும் பீடத்தைத் தொடக்கூடாது என்றார். புலவருக்கும் ஒரு வேலை கிடைத்தது: திருவிழாவில் வடகரைப் போரை நடந்தது நடந்தபடியே பாடவேண்டும்.

"அப்படிப் பாடிப் பழக்கமில்லையே, பிரபு" என்று புலவர் அழாக்குறையாகச் சொன்னார்.

திருவிழாவும் வந்தது. ஊரே திரண்டு உட்கார்ந்திருக்க, ராஜா ஓடுகிற கட்டத்தைப் புலவர் பட்டும் படாமலும் இழுத்து இழுத்துப் பாடினார். முன்வரிசையில் இருந்த ராஜாவுக்குப் பொறுக்கவில்லை.

"தாளத்தைக் கூட்டும் ஐயா" என்றார். "நான் இன்னும் வேகமாக ஓடினேன்."