புழு தின்ற மதிப்பெண்

மூங்கில் அடர்ந்த ஒரு காட்டில், விலங்குகளும் பறவைகளும் சேர்ந்து படிக்கும் பள்ளிக்கூடம் இருந்தது. ஆண்டுக்கு ஒருமுறை அங்கே கலைவிழா நடக்கும். தாளப் போட்டியில் முதலிடம் பெறுபவர் ஆற்றங்கரைப் பெருவிழாவுக்குப் போகலாம்.

அங்கே போய்த் தாளம் போட வேண்டும் என்பதுதான் முயலின் ஆசை. அதற்காக மழைக்காலம் முழுவதும் காய்ந்த மரக்கட்டையைக் காலால் தட்டித் தட்டிப் பழகியிருந்தது.

அந்தப் பள்ளியில் மதிப்பெண் போடும் முறை எளியது. போட்டியாளர் ஒவ்வொருவருக்கும் ஒரு தேக்கிலை. நடுவரான கொக்கு, ஒரு மதிப்பெண்ணுக்கு ஒரு துளை என்று முள்ளால் குத்தும். பிறகு இலைகளைக் கிளையில் கட்டித் தொங்கவிடுவார்கள். விழா முடிய இரண்டு நாள் ஆகும். அதன்பின்தான் எண்ணுவார்கள்.

எண்ணினார்கள். மரங்கொத்திக்கு இருபத்து நான்கு, முயலுக்கு இருபத்து மூன்று, தவளைக்கு இருபத்தொன்று.

ஒரே ஒரு துளையில் போய்விட்டதே என்று முயல் மருகியது. அப்போது தந்திரக்கார நரி வந்து பக்கத்தில் உட்கார்ந்தது.

"மரங்கொத்தியின் இலையைப் பார்த்தேன், தம்பி. அதில் ஒரு துளை முள் போட்டதில்லை, புழு போட்டது. வழக்குப் போடுவோம். நீ வாயே திறக்காதே. பேசுவது என் வேலை."

வழக்கு உடும்பின் நீதிமன்றத்துக்குப் போனது. பிடித்ததை விடாது என்பதற்காகவே அதை நீதிபதியாக வைத்திருந்தார்கள்.

நரி முதலில் எங்கெங்கோ சுற்றியது. மரங்கொத்தி தட்டியபோது கொக்கு கண்ணை மூடி ஒற்றைக் காலில் நின்றதாம். அது தூக்கம்தானாம். ஆகவே நீதிபதி முன்னால் எல்லாரும் மறுபடி தட்டிக் காட்ட வேண்டுமாம்.

"தாளம் நன்றாக இருந்ததா என்று சொல்ல நான் யார்?" என்றது உடும்பு. "அது கொக்கின் வேலை. கொக்கு போட்ட மதிப்பெண்ணைச் சரியாக எண்ணினார்களா என்று மட்டும் பார்ப்பேன். இலையைக் கொடு."

மரங்கொத்தியின் இலையைக் கவிழ்த்து நாக்கால் தடவியது. முள் குத்திய துளையின் பின்பக்கம் பிசிறு நிற்கும், புழு தின்றது வழவழப்பாக இருக்கும் என்று கூட்டத்துக்கு விளக்கிச் சொன்னது. அந்த இலையில் ஒரு துளை வழவழப்பாகத்தான் இருந்தது.

ஆக, மரங்கொத்திக்கும் இருபத்து மூன்று. சமமாக வந்தால் இருவரும் பெருவிழாவுக்குப் போகலாம் என்பது விதி. நரி வாலைச் சுழற்றியது.

முயலின் இலை அதன் முன்னால்தான் கிடந்தது. மகிழ்ச்சியில் முயல் சும்மா அந்த இலையின் பின்பக்கத்தைத் தடவிப் பார்த்தது. ஒரு துளையில் பிசிறு இல்லை. இன்னொன்றிலும் இல்லை. மூன்றாவதிலும் இல்லை.

நரி கவனித்துவிட்டது. "உன் இலையைப் பற்றி யாரும் கேட்கவில்லையே," என்று காதோடு சொன்னது. "பேசாமல் இரு. தீர்ப்பு வரட்டும்."

மரங்கொத்திக்கு ஒன்றும் தெரியாது. கூட்டத்துக்கும் தெரியாது. இன்னும் ஒரு நொடி சும்மா இருந்தால் ஆற்றங்கரைக்குப் போய்விடலாம். உடும்பு தீர்ப்புச் சொல்ல வாயெடுத்தது.

"ஐயா," என்றது முயல். "என் இலையையும் தடவிப் பாருங்கள்."

நரி பதறி எழுந்து, வழக்கை வாபஸ் வாங்கிக்கொள்வதாகச் சொன்னது.

"நான் பிடித்துவிட்டேனே," என்றது உடும்பு.

மூன்று இலைகளையும் சோதித்தது. தவளையின் இலையைப் புழு தொடவே இல்லை. மரங்கொத்திக்கு முதலிடம், தவளைக்கு இரண்டாமிடம், இருபது மதிப்பெண்ணோடு முயலுக்கு மூன்றாமிடம் என்று தீர்ப்பாயிற்று.

முயல் தன் கழுத்தில் கிடந்த இரண்டாம் பரிசுத் தும்பைப்பூ மாலையைக் கழற்றித் தவளைக்குப் போட்டது. மாலை வழுக்கிக் காலடியில் விழ, தவளை அதற்குள்ளேயே நின்று சிரித்தது. முயலுக்கும் சிரிப்பு வந்தது.

"வழக்குப் போட்டு இருந்ததையும் இழந்தவனை இன்றைக்குத்தான் பார்க்கிறேன்," என்று நரி முணுமுணுத்தது.

"மூன்றாமிடம் என்னுடையதுதானே, அண்ணே," என்றது முயல். "அதில் புழுவுக்குப் பங்கில்லை."

நீதி: நியாயம் கேட்டுப் போகிறவர், தம் இலையையும் சோதிக்கக் கொடுக்க வேண்டும்.