உதடுகள் சொன்ன பெயர்

சினிமா இன்னும் பேசத் தொடங்காத காலம். இத்தாலியில், டூரின் நகரத்தில், எர்சிலியா என்றொரு கதாசிரியை இருந்தாள். பதினோரு படங்களுக்குக் கதை எழுதியிருந்தாள். பதினொன்றிலும் 'கதை' என்று திரையில் வந்தது படக் கம்பெனி முதலாளி பல்தசாரேயின் பெயர்தான்.

பன்னிரண்டாவது படத்தைப் பார்க்கப் பத்திரிகைக்காரர்கள் வந்திருந்தார்கள். படம் முடிந்ததும் முதலாளி மீசையை முறுக்கிக்கொண்டு, "ஒவ்வொரு காட்சியும் என் மூளையில் பிறந்தது" என்றார்.

எர்சிலியா எழுந்தாள். "கதை என்னுடையது, ஐயா."

முதலாளி சிரித்தார். "அப்படியா? இந்தப் படத்துக்குள்ளே எங்கேயாவது உன் பெயரைக் காட்டு. காட்டிவிட்டால் இனி எல்லாப் படத்திலும் உன் பெயரையே போடுகிறேன். இல்லாவிட்டால் இந்த வாசலை மிதிக்காதே!"

"சரி. கடைசிக் காட்சியை இன்னொரு முறை ஓட்டச் சொல்லுங்கள்."

பிறவியிலேயே காது கேளாத இரண்டு தையல்காரிகளை அவள் அழைத்து வந்திருந்தாள். உதட்டசைவைப் பார்த்தே பேச்சைப் புரிந்துகொள்பவர்கள். இருவரையும் ஆளுக்கொரு மூலையில் உட்காரவைத்துக் காகிதம் கொடுத்தாள்.

திரையில் கதாநாயகன் காதலியின் கையைப் பிடித்து உருக்கமாக ஏதோ சொன்னான். இருவரும் எழுதினார்கள். ஒரு பத்திரிகைக்காரர் காகிதங்களை வாங்கி உரக்கப் படித்தார். இரண்டிலும் ஒரே வரி: "இந்தக் கதையை எழுதியவள் எர்சிலியா."

"யார் எழுதிய வசனம் இது?" என்று முதலாளி கத்தினார்.

"உங்கள் மூளையில் பிறந்ததுதானே, ஐயா?" என்றாள் எர்சிலியா.

அரங்கமே கைதட்டி எழுந்தது. அடுத்த படத்தில் அவள் பெயர் கொட்டை எழுத்தில் வந்தது. முதலாளியோ, அதன் பிறகு படப்பிடிப்பில் எந்த நடிகர் வாயசைத்தாலும், "என்ன சொன்னாய், என்ன சொன்னாய்?" என்று பதறியபடி பின்னாலேயே ஓடினார்.