முன்னால் வந்த மதில்

ஒரு காலத்தில் தெற்கத்திக் கல்லூரி ஒன்றில் பேஸ்பால் மைதானம் இருந்தது. கல்லூரியைத் தொடங்கிய வெள்ளைக்காரப் பாதிரியார் தம் ஊரிலிருந்து கொண்டுவந்த ஆட்டம் அது. சுற்றுவட்டாரமே கிரிக்கெட் ஆடியபோதும் அந்தக் கல்லூரி பிடிவாதமாக இதைத்தான் ஆடியது. ஆட்டத்தில் பெரிய விஷயம் ஒன்றுதான். அடித்த பந்து எதிரே இருக்கும் மதிலைத் தாண்டி விழ வேண்டும். அதற்கு ஹோம் ரன் என்று பெயர்.

மதில் வெகு தூரத்தில், உடைமரங்களை ஒட்டி நின்றது. பாதிரியார் காலத்தில் ஒருவன் அதைத் தாண்டி அடித்தான். அவருக்குப் பிறகு இன்னொருவன். அவ்வளவுதான். அதில் மதிலுக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. கர்வப்படட்டும், நிற்க வேண்டிய இடத்தில்தானே நின்றது.

புதிதாக ஒரு தாளாளர் வந்தார். ஞானசிகாமணி என்று பெயர். அவர் நடத்திய ஆண்டு விழாவில் சிறப்பு விருந்தினர்கள் ஆட்டம் பார்த்துக் கொட்டாவி விட்டார்கள். அவர் முகம் சுண்டிப்போயிற்று.

அன்று சாயங்காலம் மட்டை மதிலிடம் நயமாகப் பேச்சுக் கொடுத்தது. இவ்வளவு தள்ளி நின்று யாருக்கு என்ன லாபம், கொஞ்சம் முன்னால் வந்தால் பையன்களும் சந்தோஷப்படுவார்கள் என்றது.

மைதானம் குறுக்கே பேசியது. "போகாதே. நீ பின்னால் விட்டுப் போவது என் உடம்பு" என்றது.

"உன் உடம்பை யார் தின்னப் போகிறார்கள்?" என்று கேட்டது மதில். தாளாளர் கொத்தனார்களை அனுப்பினார். மதில் முன்னால் வந்தது.

அடுத்த ஆண்டு விழாவில் ஹோம் ரன்கள் மழையாகக் கொட்டின. கேலரி எழுந்து நின்று கைதட்டியது. மதிலுக்கே மாலை போட்டார்கள். கைதட்டலுக்கு மயங்காதது உலகத்தில் என்ன இருக்கிறது? மதில் இன்னும் கொஞ்சம் வந்தது. பிறகு யாரும் கேட்காமலே வந்தது.

பின்னால் விட்ட இடத்தில் முதலில் எருக்கு முளைத்தது. அப்புறம் கடைகள் முளைத்தன. அதற்கப்புறம் தாளாளரின் மைத்துனர் கல்யாண மண்டபம் கட்டினார். மைதானம் ஒவ்வொரு தடவையும் கத்தியது. கைதட்டல் சத்தத்தில் அது யார் காதிலும் விழவில்லை.

அந்தக் காலத்தில்தான் ரூபன் வந்து சேர்ந்தான். உப்பளத்தில் வேலை செய்யும் குடும்பத்துப் பையன். மாநில அணியில் இடம் கிடைத்தால் விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலை கிடைக்கும், அம்மாவை உப்பிலிருந்து கரையேற்றிவிடலாம் என்பது அவன் கணக்கு. அவன் அடித்த பந்தெல்லாம் மதிலைத் தாண்டியது. பேப்பரில் படம் வந்தது. தாளாளர் அவன் தோளில் கைபோட்டு நின்றார்.

மாநிலத் தேர்வு வெளியூர் மைதானத்தில் நடந்தது. ரூபன் முழு பலத்தோடு அடித்தான். பந்து அழகாக எழும்பி, பாதி தூரத்தில் நின்றவன் கையில் போய் உட்கார்ந்தது. அடுத்ததும் அப்படியே. அதற்கடுத்ததும் அப்படியே.

திரும்பி வந்தவன் தாளாளர் முன்னால் நின்றான். "அங்க மதிலு எங்கயோ இருக்கு சார். நான் நம்ம மதிலுக்குத்தான சார் அடிச்சுப் பழகியிருக்கேன்" என்றான். அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்றார் தாளாளர். அது அவனுக்குக் கடைசி வருஷம்.

அவன் மூலையில் போட்டுவிட்டுப் போன மட்டை மதிலைப் பார்த்து அழுதது. "திரும்பிப் போய்விடு. பழைய இடத்துக்கே போய்விடு."

மதிலுக்கும் மனசு உறுத்தியது. போகலாம் என்றுதான் முதல் முறையாகத் திரும்பிப் பார்த்தது. கல்யாண மண்டபத்தின் சமையல்கட்டு அதன் முதுகில் சாய்ந்துகொண்டிருந்தது. அடுப்புப் புகை பட்டு முதுகெல்லாம் கரி.

"பின்னால் இடமில்லை" என்றது மதில்.

பதில் சொல்லும் அளவுக்கு மைதானம் மிச்சமிருக்கவில்லை.

வெளியூர்க் கல்லூரிகள் வருவதை நிறுத்திக்கொண்டன. ஆட்டம் நின்றது. அப்புறம் மதில் எதற்கு? ஒரு நாள் அதை இடித்தார்கள். அன்று யாரும் கைதட்டவில்லை. உடைந்த செங்கல்லை மைதானத்தின் பள்ளங்களில் கொட்டி மேலே சிமெண்ட் பூசினார்கள். மண்டபத்துக்கு வரும் கார்கள் நிற்க வசதியாகிவிட்டது.

முகூர்த்த நாட்களில் அங்கே காக்கிச் சட்டை போட்ட ஒருவன் விசில் ஊதி இடம் காட்டுவான். முன்பு அவன் மட்டையோடு நின்ற அதே இடம்தான். ரிவர்ஸில் வரும் கார்களைத் தட்டித் தட்டிச் சொல்வான்.

"போதும் சார், நிறுத்துங்க. பின்னால இடமில்ல."