வேப்பெண்ணெய் தேய்த்த அரணை

அந்தக் காலத்தில், ஓணானும் பல்லியும் வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த நாட்களில், அரணைகளுக்கு வெயில் கிடையாது. சருகுக்கு அடியில் பிறந்து, சருகுக்கு அடியிலேயே வயதாகிவிடும். உடம்பும் இப்போது போல மின்னாது. மண் அப்பிச் சொரசொரவென்று இருக்கும்.

மரம், வேலி, மதில் மூன்றும் மேலே குடியிருப்பவர்களுக்குத்தான். புதிதாக யாராவது ஏற வேண்டுமென்றால், சனிக்கிழமை எண்ணெய் தேய்த்து, சீயக்காய் போட்டுக் குளித்து, உச்சிவேளைக்குள் மதில்மேல் வந்து நிற்க வேண்டும். பல்லி தொட்டுப் பார்ப்பாள். விரலில் மண்ணோ பிசுக்கோ ஒட்டினால் திரும்பிப் போக வேண்டியதுதான். மறுபடி கேட்க முடியாது.

ஒரு சின்ன அரணைக்கு மேலே போக ஆசை வந்தது. அதன் கூட்டத்தில் அதுவரை யாரும் போய்க் கேட்டதே இல்லை. அங்கே எப்படி நிற்பது, யாரை என்னவென்று கூப்பிடுவது என்று சொல்லித்தர ஆளில்லை. மூன்று நாளாக அதற்குத் தூக்கம் இல்லை.

சனிக்கிழமை வந்தது. "நல்லெண்ணெய்க்கு நாம எங்கடா போறது?" என்ற அம்மா, உதிர்ந்து கிடந்த வேப்பங்கொட்டைகளை இடித்துப் பிழிந்து, தலையிலிருந்து வால் நுனிவரை தேய்த்துவிட்டாள். "நாத்தத்தப் பாக்காத. வேலி ஓரமா நில்லு, ஊறட்டும். நான் தண்ணி காய வெக்கிறேன்."

"எவ்வளவு நேரம்மா?"

"கூப்பிடுறேன்."

"கூப்பிட்டது காதுல விழலன்னா?"

"இன்னொரு தடவ கூப்பிடுறேன், போடா!"

அரணை போய் நின்றது. கிளுவை வேலியின் மேல் கொப்பில் தேன்சிட்டின் கூடு தொங்கியது. உள்ளே கண் திறக்காத இரண்டு குஞ்சுகள். தாய் இரை தேடப் போயிருந்தாள். அப்போதுதான் கொம்பேறிமூக்கன் பாம்பு, அவசரமே இல்லாமல், வேலிமேல் ஊர்ந்து வருவதை அரணை பார்த்தது.

"பாம்பு! பாம்பு!" என்று கத்தியது. மதில்மேல் பல்லியும் ஓணானும் ஏதோ வழக்கில் இருந்தார்கள். யாருக்கும் கேட்கவில்லை.

"தண்ணி காஞ்சிடுச்சு, வாடா! உச்சிவேள ஆகப் போவுது!" என்று கீழிருந்து அம்மாவின் குரல் வந்தது.

அரணை கீழே பார்த்தது. மேலே பார்த்தது. "மன்னிச்சுக்க, இப்ப மட்டும்தான்" என்று வேலியிடம் சொல்லிவிட்டு, ஏற உரிமை இல்லாத அந்த வேலியில் விடுவிடுவென்று ஏறிக் கூட்டுக்குமுன் போய் நின்றது.

"அண்ணே, கொஞ்சம் நில்லுங்க."

"சருகுக்குள்ள கிடக்கிற பயலா நீ? தானா வந்து நிக்கிறியே!" என்று சிரித்த பாம்பு, ஒரே கவ்வாகக் கவ்வியது. வழுக்கியது. திரும்பக் கவ்வியது. வாயின் இந்தப் பக்கம் நுழைந்த அரணை அந்தப் பக்கம் வந்துவிட்டது. மூன்றாவது தடவை கசப்பு தொண்டைவரை இறங்கியது.

"த்தூ! த்தூ! என்னத்தடா பூசியிருக்க?"

"வேப்பெண்ணெய்ண்ணே" என்றது அரணை, கேட்டதற்குப் பதில் சொல்ல வேண்டுமே என்று.

பாம்பு தொப்பென்று கீழே விழுந்து, வாயை மணலில் தேய்த்துக்கொண்டே குளத்துப் பக்கம் ஓடியது.

விழுந்த சத்தத்தில் பல்லியும் ஓணானும் ஓடி வந்தார்கள். உச்சிவேளை தாண்டியிருந்தது. பல்லி அரணையின் முதுகைத் தொட்டாள். விரல் சறுக்கியது.

"குளிச்சியாடா?"

'ஆமான்னு சொல்லு' என்று கீழிருந்து அம்மா சைகை காட்டினாள்.

"இல்லக்கா. எண்ணெய் மட்டும்தான். குளிக்க நேரம் இல்ல."

அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "அப்ப எறங்கு" என்றாள் பல்லி.

அதற்குள் தேன்சிட்டு பறந்து வந்தாள். கூட்டுக்குள் தலைவிட்டுப் பார்த்தாள். இரண்டும் இருந்தன. நடந்ததைக் குளத்துப் பாதையிலேயே பாம்பு திட்டிக்கொண்டு போனதில் கேட்டிருந்தாள்.

"இவன் எறங்கினா நானும் வேற வேலி பாத்துக்கிறேன். உங்க சட்டம் வந்து என் புள்ளைங்களக் காப்பாத்துச்சா?"

ஓணான் தலையை ஆட்டி ஆட்டிச் சிரித்தான். "பல்லி, போன மாசம் அந்தப் பாம்பு உன் வாலைக் கவ்வினப்போ நீ இதே மாதிரி வழுக்கியிருந்தா, வால் மிஞ்சியிருக்குமே!"

பல்லி விரலை வேலிக்கொப்பில் துடைத்தாள். நெடுநேரம் துடைத்தாள்.

"சரி, இவன் கூட்டமே இங்க இருந்துட்டுப் போகட்டும். ஆனா ஒண்ணு. அந்த எண்ணெயக் கழுவக் கூடாது."

"ஐயோ, காய வெச்ச தண்ணிய என்ன பண்றது?" என்று கீழிருந்து கத்தினாள் அம்மா.

"நீ ஊத்திக்கிட்டு மேல வாம்மா! இங்க வெயில் நல்லா இருக்கு!" என்றது அரணை.

அந்தச் சனிக்கிழமையிலிருந்துதான் சின்ன அரணைகள் மரத்திலும் வேலியிலும் மதிலிலும் ஏறி வெயில் காய்கின்றன. யாரும் தேய்த்துவிடாமலே அவற்றின் உடம்பு எண்ணெய் பூசியதுபோல் மின்னுகிறது. உரிமை கிடைத்து எத்தனையோ காலம் ஆகிவிட்டது. ஆனாலும் இன்றைக்கும் ஓர் அரணை நாலடி ஓடும், சட்டென்று நிற்கும், 'இங்க நிக்கலாமா?' என்று தலையைத் திருப்பி ஒரு தடவை பார்த்துக்கொண்டுதான் அடுத்த நாலடி ஓடும்.