காற்றுப் படாத பழம்

கரடியார் மாரப்பன் ஆண்ட காட்டில் பழக்குழி போடுவது வழக்கம். மலைச் சரிவில் மிருகங்கள் ஆழமாக ஒரு குழி வெட்டும். மாங்காயையும் பலாக்காயையும் கொண்டுவந்து அதில் கொட்டும். மேலே ஆவாரந்தழையைப் பரப்பி, குழியின் வாயைக் களிமண்ணால் பூசி மூடிவிடும். உள்ளே வெக்கை ஏறி, காய் பழுத்து, மண் விரிசல் வழியாக வாசனை கசியும். கோடையில் காடே அந்தப் பழத்தை நம்பித்தான் இருந்தது.

குழி திறப்பதற்கு ஒரு சடங்கு உண்டு. மூடியை உடைத்த கையோடு ஒருவர் உள்ளே குதித்து முதல் பழத்தை எடுத்துவர வேண்டும். குழிக்குள் வெளிக்காற்று புகுவதற்கு முன்பே அது நடந்துவிட வேண்டும்! காற்றுப் பட்டால் பழமெல்லாம் ருசி கெட்டுப்போகுமாம். யார் சொன்னது என்று கேட்டால் ஒருவருக்கும் தெரியாது. ஆனாலும் எல்லோரும் நம்பினார்கள்.

அப்படிக் குதித்தவர்களில் சிலர் திரும்பி வரவில்லை.

முதலில் ஒரு முயல் செத்தது. "கிழட்டு முயல்! வயசாயிடுச்சு, போயிடுச்சு!" என்றார் கரடியார். பிறகு ஒரு சருகுமான் செத்தது. "பேராசை! பழத்தைப் பார்த்ததும் மூக்கு முட்டத் தின்னிருக்கும்!" என்றார். செத்தவர்கள் எழுந்து வந்து இல்லை என்று சொல்லவா போகிறார்கள்? ஒவ்வொரு முறையும் அந்தக் குழியை மண் தள்ளி மூடுவார்கள். மேலே ஒரு கல்லை நட்டுக் கும்பிடுவார்கள். பக்கத்திலேயே அடுத்த குழியை வெட்டுவார்கள். அதே ஆழம், அதே களிமண், அதே சடங்கு!

இந்தக் கோடையில் முதல் பழம் எடுக்கும் முறை கீரி கொம்பையனுக்கு வந்தது. அவன் மனைவி வேம்பி அவன் வாலைப் பிடித்து இழுத்தாள்.

"போகாதய்யா. எனக்குப் பயமா இருக்கு!" என்றாள்.

"காடே வந்து நிக்குது. பயந்து பொந்துக்குள்ள ஒளிஞ்சான்னு சொல்ல மாட்டாங்களா?" என்று சொல்லிவிட்டுக் கொம்பையன் சரிவை நோக்கி நடந்தான்.

வேம்பிக்கு மரநாய் அல்லியின் நினைவு வந்தது. போன கோடையில் குழிக்குள் இறங்கி, உயிரோடு வெளியே வந்தவள் அல்லி. அதற்குப் பிறகு அவள் குழிப் பக்கம் தலைவைத்தும் படுத்ததில்லை. வேம்பி அவள் இருந்த மரத்துக்கு ஓடினாள்.

"அல்லி அக்கா! போன வருசம் குழிக்குள்ள உனக்கு என்ன ஆச்சு?"

"ஒண்ணுமில்ல. காலையில சாப்பிடாமப் போயிட்டேன். அதான் மயக்கம்."

"அது ஊருக்குச் சொல்ற கதை. நீ உன் கதையைச் சொல்லு! இன்னைக்கு இறங்கப்போறது என் வீட்டுக்காரரு!"

அல்லி கிளையை நகத்தால் பிராண்டினாள். அவள் குரல் இறங்கிப்போனது.

"தலை கீழே போனதும் மூச்சை இழுத்தேன். இழுக்க இழுக்க மூச்சே கிடைக்கல. கண்ணு இருட்டிடுச்சு, கால் துவண்டுடுச்சு. மேல இருந்த வேர்ல என் வால் மாட்டிக்கிட்டதால தொங்கினேன். எப்படியோ தலையை மேல தூக்கினேன், உடனே மூச்சு வந்துச்சு! கீழே இருக்கறது காத்தே இல்ல வேம்பி. அது ஆளைக் கொல்லும்!"

"இதை ஏன் அக்கா யாருக்கும் சொல்லல?"

"சொன்னேனே! வாசனைக்கே மயங்கி விழுந்த சிங்காரின்னு கரடி சிரிச்சாரு. காடே சிரிச்சுது. அதுக்கப்புறம் வாயை மூடிக்கிட்டேன்."

வேம்பி அதற்குமேல் நிற்கவில்லை. சரிவில் மூடி உடைபடும் சத்தம் கேட்டது. "இறங்காதே! இறங்காதே!" என்று கத்திக்கொண்டே ஓடினாள். கூட்டத்தின் ஆரவாரத்தில் அவள் குரல் எடுபடவில்லை. அவள் வந்து சேர்வதற்குள் கொம்பையன் குதித்துவிட்டான்.

குழியிலிருந்து இனிப்பு வாசனை குப்பென்று வந்தது. கொம்பையன் மட்டும் வரவில்லை.

"என்ன கொம்பையா, எங்களை விட்டுட்டுத் தின்னுக்கிட்டிருக்கியா?" என்று கரடியார் சிரித்தார். அவரோடு சேர்ந்து யாரும் சிரிக்கவில்லை.

வேம்பி எட்டிப் பார்த்தாள். பலாப்பழக் குவியலின் உச்சியில் கொம்பையன் கவிழ்ந்து கிடந்தான். ஒரு கால் லேசாக வெட்டி இழுத்தது.

"கொம்பையா! இதோ வந்துட்டேன்!" என்று ஒரு குரல். காட்டுப்பன்றி முண்டன்! கொம்பையனின் உயிர் நண்பன். யாரும் தடுப்பதற்குள் அவன் குதித்துவிட்டான். ஒரே ஓர் உறுமல்தான் கேட்டது. முண்டனின் முழங்கால் மடங்கியது. குவியலிலிருந்து உருண்டு குழியின் அடியில் போய் விழுந்தான். பிறகு அசையவே இல்லை.

கூட்டம் உறைந்துபோய் நின்றது. அவ்வளவு பெரிய பன்றி, மூச்சு விடும் நேரத்தில் சாய்ந்துவிட்டதே! அடித்தது யார்? கடித்தது யார்? குழிக்குள் கண்ணுக்கு ஒன்றுமே தெரியவில்லை.

"ஐயோ, தம்பி!" என்று முண்டனின் அண்ணன்கள் பாய்ந்து வந்தார்கள். வேம்பி குழி வாயில் குறுக்கே நின்றாள். அவள் மயிரெல்லாம் சிலிர்த்து நின்றது.

"யாரும் இறங்கக் கூடாது! இறங்கினா கடிச்சுடுவேன்!"

"உள்ளே கிடக்கறது உன் புருசன்!" என்றான் அண்ணன்களில் ஒருவன்.

"தெரியும்! எனக்குத்தான் முதல்ல குதிக்கணும்னு துடிக்குது. ஆனா குதிச்சா நாமளும் அவங்க பக்கத்துல பிணமாத்தான் கிடப்போம். உள்ளே கெட்ட காத்து இருக்கு. தலையைத் தூக்கினதும் அல்லி அக்காவுக்கு மூச்சு வந்திருக்கு. அப்ப அது தண்ணி மாதிரி அடியில தேங்கி நிக்குது. கீழ்ப்பக்கத்தை உடைச்சு வடிய விடுங்க!"

"காத்துப் பட்டா ருசி..." என்று ஆரம்பித்தார் கரடியார். வேம்பியின் முகத்தைப் பார்த்ததும் மீதியை விழுங்கிக்கொண்டார். சரிவில் இறங்கி, கீழ்ப்பக்க மண்ணை இரண்டு கையாலும் பறித்தார். பன்றிகளும் சேர்ந்துகொண்டன. வேம்பி மேலே நின்று கணவனையே பார்த்தாள். வெட்டி இழுத்துக்கொண்டிருந்த கால் இப்போது அடங்கிவிட்டது. சாமி, சீக்கிரம், சீக்கிரம் என்று முனகினாள்.

மண் சுவர் பொத்துக்கொண்டது.

"ஒதுங்குங்க! அந்தக் காத்து உங்க மேல வரும்!" என்று வேம்பி அலறினாள். எல்லோரும் ஆளுக்கொரு பக்கம் ஓடினார்கள். குரங்குகள் தழைக்கொத்துகளை ஒடித்து, மேலிருந்து குழிக்குள் காற்றை விசிறின. காத்திருப்பதுதான் பெரிய கொடுமையாக இருந்தது. கூப்பிடு தூரத்தில் இரண்டு உயிர்கள். போய்த் தொட முடியவில்லை.

கடைசியில் குழிக்குள் பழத்தின் மேல் கிடந்த தழை வெளிக்காற்றில் அசைந்தது. கரடியார் துளைக்குள் கையை விட்டு முண்டனை இழுத்தார். முண்டன் செத்துப்போயிருந்தான். அடுத்து கொம்பையனை இழுத்தார். குவியலின் உச்சியில் விழுந்ததால் அவனுக்குக் கொஞ்சம் நல்ல காற்று கிடைத்திருக்கிறது. அவன் இருமினான். வேம்பி அவன் மேல் விழுந்து கதறிவிட்டாள்.

கரடியார் நகத்திலிருந்து ரத்தம் வழிந்தது. வாய் மட்டும் பழைய வழியிலேயே போனது.

"அவசரக்குடுக்கை! யோசிக்காமக் குதிச்சு உயிரை விட்டுட்டான். சரி, குழியை மூடுங்க. கல்லைக் கொண்டு வாங்க!"

"கல்லும் வேண்டாம், கத்தரிக்காயும் வேண்டாம்!"

திரும்பிப் பார்த்தார்கள். அல்லி நின்றிருந்தாள். கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"முண்டனை அவன் அவசரம் கொல்லல! போன வருசம் இதே காத்துதான் என் தொண்டையைப் பிடிச்சுது. நீங்க சிரிச்சீங்க. நானும் வெட்கப்பட்டு வாயை மூடிட்டேன். அன்னைக்கு நீங்க கேட்டிருந்தா, நான் விடாமச் சொல்லியிருந்தா, முண்டன் இப்ப இங்க நின்னுக்கிட்டிருப்பான்!"

கரடியார் வரிசையாக நின்ற கற்களைப் பார்த்தார். முதல் கல்லின் மேல் கையை வைத்தார்.

"அப்போ அந்த முயல்... வயசால சாகலையா?" என்று மெல்லக் கேட்டார்.



அடுத்த கோடையில் குழியின் கீழ்ப்பக்கத்திலும் ஒரு வாய் வைத்தார்கள். திறக்கும் நாளில் கரடியார் கூட்டத்தின் நடுவில் நின்றார். "யாருக்காவது தலை சுத்துச்சா? மூச்சு முட்டுச்சா? கூச்சப்படாமச் சொல்லுங்க!" என்றார்.

"நேத்து விரிசல்ல மண் பூசும்போது எனக்கு லேசாக் கிறுகிறுத்துச்சுங்க" என்றது ஒரு சுண்டெலி. எங்கிருந்தோ ஒரு குரங்கு களுக்கென்று சிரித்தது. கரடியார் திரும்பிப் பார்த்த பார்வையில் அந்தச் சிரிப்பு அப்படியே நின்றது.

"எல்லாரும் பின்னால போங்க! ரெண்டு வாயையும் தூரத்திலிருந்தே கழியால தட்டி உடைங்க. நான் சொல்ற வரைக்கும் யாரும் கிட்ட வரக் கூடாது!"

கெட்ட காற்று முழுக்க வெளியேறட்டும் என்று மூன்று நாள் காத்திருந்ததில் பழம் அளவுக்கு மீறிக் கனிந்து, பாதி அழுகிவிட்டது. முணுமுணுத்துக்கொண்டே மீதியைப் பங்கிட்டுத் தின்றார்கள். ருசியில் ஒரு குறையும் இல்லை. அன்று மாலை ஒருவர்கூடக் குறையாமல் எல்லோரும் வீடு திரும்பினார்கள்.

நடந்த விபத்துக்குக் காரணம் தேடாமல், செத்தவன் மேல் பழியைப் போட்டு மூடுகிறவர்கள் அடுத்த சாவுக்குத் தங்கள் கையாலேயே குழி வெட்டுகிறார்கள்.